நண்டுக்குக் கழுத்து ஏது

நண்டு தின்று மாப்பிள்ளை பிடித்தாளாம் சாயிமா! சொல்கிற வாய் சுளுக்கிக்கொள்ளாதா? யார் பார்த்தது? வாசலில் கிடந்த குப்பை வாளியைப் பார்த்தார்கள், அவ்வளவுதான். வாளிக்குள் நண்டு ஓடு இருந்ததாம். ஓடு இருந்தால் அவள்தான் தின்றாள் என்று ஆகிவிடுமா? ஆஸ்பத்திரி வாசலில் வாழைப்பழத் தோல் கிடந்தால் பெரிய டாக்டர்தான் தின்றார் என்று எழுதி ஒட்டிவிடுவார்களா? சாயிமா அன்றைக்கும் நண்டு தின்னவில்லை, இன்றைக்கும் தின்பதில்லை. சும்மா இருந்த வாயை மெல்லுகிறவர்கள் நடந்தது என்ன என்று கேட்டுவிட்டுப் போகட்டும்.

சாயிமா கடையநல்லூர்க்காரி. ராவுத்தர் வீட்டுப் பெண். கல்யாணம் முடிந்த கையோடு தாராவிக்கு வந்தவள். புருஷன் பீர் முகம்மது தேவ்நார் பக்கம் லாரி ஓட்டினார். நல்ல மனுஷன். மஞ்சள் காமாலை வந்து போய்ச் சேர்ந்துவிட்டார். பிள்ளை குட்டி இல்லை. அழுகிற மட்டும் அழுதாள், பிறகு எழுந்து அடுப்பைப் பற்றவைத்தாள். பக்கத்துச் சந்துகளில் தோல் பை தைக்கிற பட்டறைகள் நிறைய. அங்கே வேலை செய்கிறவர்களுக்கு மத்தியானச் சாப்பாடு அவளுடைய அந்த ஒற்றை அறையிலிருந்துதான் போனது. ஒரு பக்கம் அரிசி மூட்டை, ஒரு பக்கம் காஸ் அடுப்பு, நடுவில் அவள்.

அவள் கைச் சோற்றை யாரும் சந்தேகப்பட்டதில்லை. கோழிக்கடையில் போய் நின்றாளென்றால், பறவை அவள் கண்முன்னால் அறுபட வேண்டும். கத்தி படும்போது கடைக்காரனின் உதடு அசைகிறதா என்று உற்றுப் பார்ப்பாள். "பாய், ஸோர் ஸே போலோ" என்று அதட்டுவாள். பிஸ்மில்லாவைச் சத்தமாகச் சொல்ல வேண்டுமாம்.

"அரே ஆபா, ஊப்பர்வாலா சுன் லியா" என்று அவன் சிரிப்பான். மேலே இருக்கிறவன் கேட்டுவிட்டானாம்.

"அவன் கேட்டா மட்டும் போதுமா? ஆக்கிப் போடுறவளுக்கும் கேக்கணும்லா!" என்று இவள் தமிழிலேயே திருப்பிக் கொடுப்பாள். அவனுக்குத் தமிழ் தெரியாது, ஆனால் புரியும்.

அடுத்த வீட்டில் கோமதியம்மாள். ஞாயிற்றுக்கிழமையானால் ஆட்டு ரத்தத்தைத் தேங்காய்ப்பூப் போட்டுப் பொரித்து, பாசத்தோடு ஒரு கிண்ணத்தில் கொண்டுவந்துவிடுவாள். எதிர் வீட்டில் லூசியம்மாள், தூத்துக்குடிக்காரி. கிறிஸ்துமஸ் வந்தால் அவள் வீட்டில் பன்றிக்கறி மணக்கும். சாயிமா இரண்டையும் தொட மாட்டாள். ஆனால் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுகிற ரகமும் இல்லை. "எனக்கு ஆகாது மைனி, நீங்க சூட்டோட சாப்பிடுங்க" என்பாள். முகம் துளி சுளிக்காது. அதனால்தான் அந்தச் சந்தில் எல்லாரும் அவளோடு ஒட்டிக்கொண்டார்கள்.

இப்படி இருக்கும்போதுதான் மொகுதூம் வந்து சேர்ந்தார். காயல்பட்டினத்துக்காரர். வீடு வடாலாவில், பை பட்டறை தாராவியில். பெண்சாதி இறந்து வருஷங்கள் ஆகிவிட்டன. சாயிமாவிடம் சாப்பாடு வாங்குகிறவர்கள் டப்பாவை எச்சில் சோற்றோடு திருப்பி அனுப்புவார்கள். இந்த மனுஷன் மட்டும் கழுவி, துடைத்து, மூடியைத் தனியாகக் காயவைத்துத் தானே கொண்டுவந்து கொடுப்பார். கொடுத்துவிட்டுச் சும்மா போக மாட்டார். "இன்னைக்குக் குழம்புல கசகசா கூட" என்றோ, "நேத்தைய ரசம் இன்னைக்கும் வாயில நிக்குது" என்றோ ஒன்று சொல்லிவிட்டுத்தான் போவார். சாயிமாவுக்குக் கசகசா கூட என்று சொன்னது கோபம். ஆனால் மறுநாள் குறைத்துப் போட்டாள்.

ஒருநாள் அவர் கேட்டார்: "சாயிமா, ஒரு நாளைக்கு நண்டு ஆக்கித் தருவியளா?"

"நண்டா? நம்ம ஆளுக நண்டு திங்கமாட்டோம்லா!"

"நாங்க தின்போம்."

"நல்லா இருக்கே கதை! ரெண்டு பேரும் ஒரே கிப்லாவப் பாத்துத்தானே தொழுதோம்? உங்களுக்கு மட்டும் நண்டு எப்படி ஆகும்?"

மொகுதூம் வாதம் பண்ணவில்லை. "பள்ளிவாசல் ஹஸ்ரத்துக்கிட்ட கேட்டுப் பாருங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கேட்காமல் விடுவாளா? சாயங்கால அசர் தொழுகைக்குப் பிறகு பள்ளிவாசல் பக்கத்துக் கதவில் போய் நின்றாள். ஹஸ்ரத் பொறுமையாகச் சொன்னார். மார்க்கச் சட்டத்தை விளங்கிக்கொள்வதில் நான்கு வழிகள் உண்டு, அவற்றுக்கு மத்ஹபு என்று பேர். ராவுத்தர்கள் ஹனஃபி மத்ஹபு. நமக்குக் கடலில் உள்ளதில் மீன் மட்டும்தான். காயல்பட்டினத்துக்காரர்கள் ஷாஃபி மத்ஹபு. அவர்களுக்கு நண்டும் ஆகும். "நீ திங்காத. அவங்கள திங்காதன்னு சொல்லாத" என்றார்.

"ஆக்கிக் கொடுக்கலாமா?"

"அவங்களுக்கு ஆகுமானத ஆக்கிக் கொடு. சட்டிய நல்லாக் கழுவிக்கோ."

சாயிமாவுக்கு அது போதும். மறுநாள் மொகுதூம் உயிர் நண்டுகளைக் கால் கட்டி ஒரு பையில் கொண்டுவந்து வாசலில் வைத்துவிட்டுப் பட்டறைக்குப் போனார். பை நெளிந்தது. சாயிமா கத்தியைத் தீட்டினாள். ஒரு நண்டை எடுத்துப் பலகையில் வைத்தாள். திருப்பினாள். புரட்டினாள். பிறகு எதிர் வீட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தாள்.

"லூசியக்கா! நண்டுக்குக் கழுத்து எங்கன இருக்கு?"

லூசியம்மாள் ஈரக் கையோடு வந்தாள். "என்னட்டி கேட்ட?"

"கழுத்து. அறுக்கணும்லா? எந்தப் பக்கம் கத்தி வைக்கன்னு தெரியல."

லூசியம்மாள் அப்படியே வாசலில் உட்கார்ந்துவிட்டாள். சிரிப்பில் மூச்சு வாங்கியது. "கடக்கரையில பொறந்தவகிட்ட கேக்குற கேள்வியாட்டி இது? அதுக்குத் தலையே தனியாக் கிடையாது. கழுத்துக்கு எங்க போவ?"

"தலை இல்லாமத்தான் கண்ணு ரெண்டும் வெளிய தள்ளி என்னய மொறைக்குதா?"

"மீனுக்குக் கழுத்த அறுத்து ஓதுவியா? அப்படித்தான் இதுவும்."

"மீனு வேறக்கா. மீனுன்னா அறுக்க வேண்டாம், எனக்குத் தெரியும். நண்டு மீனு இல்லங்கதாலதான எங்களுக்கு ஆகாது? மீனு இல்லன்னு ஆயிட்டா அறுக்கத்தான வேணும்?"

லூசியம்மாள் தலையில் அடித்துக்கொண்டாள். "வக்கீலுக்குப் படிச்சிருக்க வேண்டியவ நீ. அந்த மனுசனுக்கே போனப் போடு" என்றாள்.

சாயிமா போன் போட்டுக் கேட்டாள். அந்தப் பக்கம் மொகுதூம் சிரிக்கிறது கேட்டது. அவர் விஷயத்தைச் சொல்லிவிட்டார் போலிருக்கிறது, அடுத்த நிமிஷம் பட்டறையே சிரித்தது.

"கடல்ல உள்ளதுக்கு எங்க மத்ஹபுல அறுப்பு இல்ல சாயிமா. எல்லாம் மீன் மாதிரிதான்."

"அத மொதல்லயே சொல்லிருக்கலாம்லா? நான் வேல மெனக்கெட்டுக் கத்தியத் தீட்டி வச்சிருக்கேன்!"

சரி, கழுத்து விவகாரம் தீர்ந்தது. உடைப்பதையும் கழுவுவதையும் லூசியம்மாள் சொல்லிக்கொடுத்தாள். மசாலா அரைப்பதில் சாயிமாவுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். உப்பில்தான் மாட்டிக்கொண்டாள். நோன்பு மாதம் முழுக்க நாக்கில் படாமல் சமைத்துப் பழகியவள்தான், வாசம் பிடித்தே உப்பு சொல்லிவிடுவாள். ஆனால் அதெல்லாம் அவளுக்குத் தெரிந்த குழம்பு. நண்டு கடல் உப்பை உள்ளே வைத்துக்கொண்டல்லவா வருகிறது? வாசம் பிடித்துப் பார்த்தாள், ஒன்றும் பிடிபடவில்லை.

"லூசியக்கா, உங்க நாக்கக் கொஞ்சம் கடன் குடுங்க."

லூசியம்மாள் ஒரு சொட்டு நக்கிப் பார்த்தாள். "புளி காணாது." புளி விட்டார்கள். இன்னொரு சொட்டு. "மொளகு காணாது." மிளகு போட்டார்கள். "கறியில உப்பு சேந்திருக்கான்னு பாக்கணும்லா" என்று ஒரு காலை எடுத்துக் கடித்தாள். பிறகு இன்னொரு கால். ருசி பார்த்தே முழு நண்டு ஒன்றை முடித்துவிட்டு, ஓடுகளையெல்லாம் சாயிமா வாசலில் இருந்த வாளியில் போட்டுவிட்டுப் போனாள். அதைத்தான் கோமதியம்மாள் பார்த்தாள். அன்றைக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை. உள்ளே பத்திரமாக வைத்துக்கொண்டாள்.

சாயங்காலம் மொகுதூம் டப்பாவோடு வந்தார். வழக்கம்போல் கழுவித் துடைத்த டப்பா. எங்க உம்மா வைத்த மாதிரி இருந்தது என்றார். "நீங்க வாயில வச்சுப் பாக்கவே இல்லையே? பொறவு எப்படி?" என்று கேட்டார்.

"கைப் பக்குவம் என்னது. நாக்கு லூசியக்காளுது."

அந்த மனுஷன் நின்று சிரித்தார். அதற்குப் பிறகு லூசியம்மாள் மூலமாகத்தான் சொல்லி அனுப்பினார், சாயிமாவுக்குச் சம்மதம் என்றால் நிக்காஹ் முடித்துக்கொள்ளலாம் என்று. சாயிமா லூசியம்மாளைத்தான் ஏசினாள். "இந்த வயசுல எனக்கு என்னக்கா கூத்து? உங்களுக்கு வேற வேலயில்லயா?" நன்றாக ஏசிவிட்டுச் சமைக்கப் போனாள். அன்றைக்குப் பட்டறைகள் அத்தனைக்கும் உப்பில்லாத பருப்புப் போனது. அதிலேயே லூசியம்மாளுக்குப் பதில் கிடைத்துவிட்டது.

காயல்பட்டினத்தில் ஒரு வழக்கம் உண்டு. கல்யாணம் ஆனால் பெண் புறப்பட்டுப் போக மாட்டாள், மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்துவிடுவார். மொகுதூம் அதைச் சொன்னபோது சாயிமா அறையைச் சுற்றிப் பார்த்தாள். "வரட்டும். எங்க படுப்பாரு, அரிசி மூட்டை மேலயா?" என்றாள். சொல்லும்போது முகம் மட்டும் பூத்துக்கிடந்தது.

வடாலா வீட்டில் மொகுதூமோடு அவருடைய அக்காள் ஹபீபா இருந்தாள். அவளும் விதவை. தம்பியை வளர்த்தவள். பெண்ணைப் பார்க்க வேண்டும் என்று ஒருநாள் கிளம்பி வந்தாள், கையில் ஒரு தூக்குச்சட்டியோடு. சாயிமா நெய்ச்சோறும் ஆட்டுக்கறியும் ஆக்கி வைத்திருந்தாள். ஹபீபா இரண்டு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள். பிறகு தூக்குச்சட்டியைத் திறந்தாள். நண்டு. பெரியதாகப் பார்த்து எடுத்து சாயிமாவின் தட்டில் வைத்தாள்.

"எங்க வீட்டு ருசி. சாப்பிடு."

சாயிமா தட்டைப் பதனமாகத் தள்ளிவைத்தாள். "எனக்கு ஆகாது மைனி. நீங்க சாப்பிடுங்க."

"அப்ப நாங்க ஹராமா திங்கோம்?"

"உங்களுக்கு ஆகாதுன்னு நான் எங்க சொன்னேன்? எனக்குன்னுதான் சொன்னேன்."

"என் தம்பி திங்கத நீ திங்கமாட்ட. பொறவு அவன்கூட என்ன குடும்பம் நடத்துவ?"

"அவருக்கு ஆக்கிப் போடுவேன்."

"வாயில வைக்காமயா?"

"வைக்காமத்தான்."

ஹபீபா குரலை இறக்கினாள். "எல்லாம் வேண்டாம். ஒரே ஒரு காலு. எனக்காகக் கடி. இப்பவே நாள் குறிச்சிட்டுப் போறேன்."

வாசலில் நின்ற லூசியம்மாள் ஒரு எட்டு உள்ளே வந்தாள். சாயிமா தட்டையே பார்த்தாள். இத்தனை வருஷம் தனியாக உண்டு, தனியாகப் படுத்து எழுந்தவள். இப்போது சாயங்காலமானால் கழுவின டப்பாவோடு ஒரு ஆள் வருவாரா என்று காது வாசலிலேயே கிடக்கிறது. ஒரு கடி கடித்தால் அந்த ஆள் வீட்டுக்குள்ளேயே வந்துவிடுவார். பிறகு வாயைக் கொப்பளித்துக்கொள்ளலாம், தவ்பா செய்து அல்லாஹ்விடம் மன்னிப்புக் கேட்டுக்கொள்ளலாம். ஆனால் கோழிக்காரனிடம் சத்தமாகச் சொல்லு என்று அதட்டிய வாய் அல்லவா அது? இன்றைக்கு மாப்பிள்ளைக்காகக் கடித்துவிட்டு நாளைக்கு அந்தக் கடையில் எந்த முகத்தோடு போய் நிற்பது?

"மன்னிச்சுக்கோங்க மைனி. மாட்டேன்."

ஹபீபா தூக்குச்சட்டியை மூடிக்கொண்டு எழுந்தாள். போகிற போக்கில் "ராவுத்தர் வீட்டுத் திமிரு" என்று சொன்னது எதிர் வீடு வரைக்கும் கேட்டது.

மறுநாள் மொகுதூம் வந்தார். தலை குனிந்திருந்தது. "லாத்தாவத் தப்பா நெனைக்காதிய சாயிமா. நண்டு ஒரு சாக்கு. எங்க ஊரு வழக்கப்படி நான் இங்க வந்துட்டா அவொ அங்க ஒத்தையில கெடப்பாவொ. அதச் சொல்ல மனசு வரல, நண்டப் புடிச்சுக்கிட்டாவொ. அவொ மனசு வெறுக்க நான் கல்யாணம் முடிக்கேலாது." சொல்லிவிட்டுப் போனார். அதற்குப் பிறகு டப்பாவை அவர் கொண்டுவரவில்லை, யாரிடமாவது கொடுத்தனுப்பினார். அப்போதும் அது கழுவித்தான் வந்தது. சாயிமா அதைப் பார்த்துவிட்டு மூலையில் வைத்துவிடுவாள். பாட்டுப் பாடிக்கொண்டு சமைக்கிறவள், அந்த நாட்களில் குக்கர் விசில் மட்டும்தான் கேட்டது.

கல்யாணப் பேச்சு முறிந்தது என்று தெரிந்ததும் கோமதியம்மாள் உள்ளே வைத்திருந்ததை எடுத்து வெளியே விட்டாள். தண்ணீர்க் குழாயில் குடம் நிறைகிற நேரம் போதாதா? சாயிமா வாளியில் நண்டு ஓடு பார்த்தேன் என்றாள். அடுத்த குடத்துக்குள் அது சாயிமா நண்டு தின்றாள் என்று ஆனது. அதற்கடுத்த குடத்தில் மாப்பிள்ளைக்காகத் தின்றாள் என்று ஆனது. சந்தின் கடைசிக்குப் போய்ச் சேர்ந்தபோது, தின்றும்கூட மாப்பிள்ளை வேண்டாம் என்றுவிட்டார், இனி பன்றியும் தின்பாள் என்றார்கள். கோமதியம்மாளின் நாத்தனார் பிரேமலதா வடாலாவில் ஹபீபாவின் கீழ்வீடு. அவளுக்கு வாட்ஸ்அப்பில் குரல் செய்தி பறந்தது. அவள் சும்மா இருப்பாளா? மேலே ஏறிப்போய் ஹபீபாவுக்கே போட்டுக் காட்டினாள்.

மறுநாள் காலையில், குழாயில் கூட்டம் மொய்க்கிற நேரம், புர்கா போட்ட ஒரு பெண் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சந்துக்குள் நுழைந்தாள்.

"இங்க யாரு கோமதியம்மா?"

"நான்தான். நீ யாரு?"

"நண்டோட வந்தவ நான்தான். மொகுதூமுக்கு லாத்தா." ஹபீபா போனை அவள் முகத்துக்கு நேரே நீட்டினாள். "இது உன் கொரலுதானே? சாயிமா நண்டு தின்னான்னு சொல்லுது. நீ பாத்தியா?"

"ஓட்டப் பாத்தேன்."

"நான் ஆளப் பாத்தேன்! எம் முன்னால தட்டத் தள்ளி வச்சா. ஒரு காலு கடின்னு கெஞ்சுனேன். வாயத் தொறக்கல. கல்யாணம் வேணுமா, வேண்டாமான்னு நின்னேன். அப்பவும் தொறக்கல. அப்படி வாயக் கட்டுனவள நீ திருட்டுத்தனமாத் தின்னான்னு சொல்லுதியே, ஒனக்கு நாக்கு கூசல?"

சாயிமா கரண்டியோடு வாசலுக்கு வந்து நின்றுவிட்டாள். அவளுக்காகச் சண்டை போடுவது யார் என்று பார்த்ததும் கரண்டியை இறக்க மறந்துபோனாள்.

"அப்ப ஓடு எப்படி வந்துச்சு?" கோமதியம்மாள் விடவில்லை. "நண்டு தானா வந்து வாளியில உரிச்சிப் போட்டுட்டுப் போச்சா?"

கூட்டத்துக்குள் ஒரு கை உயர்ந்தது. லூசியம்மாளின் கை. "நான்தான் தின்னேன். ருசி பாக்க."

"ருசி பாக்கவா? ஒரு முழு நண்டையா?"

"சரியாப் பாக்கணும்லா?"

குழாயடியே சிரித்தது. ஹபீபாவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது, அடக்கிக்கொண்டாள். கோமதியம்மாளுக்கு முகம் கறுத்தது. ஆனால் அவளும் தோற்றுப்போகிற ஆள் இல்லையே. குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு ஒரு கேள்வி கேட்டாள். "சரி, நான் சொன்னது தப்பு. ஒத்துக்கிடுதேன். அவ்வளவு நல்லவள நீ எதுக்கு வேண்டாம்னுட்டுப் போன?"

ஹபீபா போனை அணைத்தாள். பெண்கள் வழி விட்டார்கள். நேரே சாயிமாவின் அறைக்குள் போய் அரிசி மூட்டையின் மேல் உட்கார்ந்தாள்.

சாயிமா தேநீர் கொடுத்தாள். ஹபீபா குடித்து முடித்ததும் சாயிமாதான் தொடங்கினாள். "அவரு இங்க வரவேண்டாம் மைனி. இங்க எடமும் இல்ல. நான் வடாலாவுக்கு வாறேன். மூணு பேருமா இருப்போம். நீங்க ஒத்தையில இருக்கவேண்டாம்."

ஹபீபா டம்ளரைக் கீழே வைத்தாள். கண் கலங்கியதைப் புர்காவின் ஓரத்தால் துடைத்துக்கொண்டாள். "எங்க வழக்கத்துல பொண்ணு எறங்கி வரமாட்டா."

"நான் கடையநல்லூர்க்காரி. எறங்கி வருவேன். ஆனா நண்டு மட்டும் கேக்கப்படாது."

"ஞாயித்துக்கிழம ஞாயித்துக்கிழம நண்டு உண்டு எங்க வீட்ல."

"ஆக்குங்க. நானும் மசாலா அரைச்சுத் தாறேன். அந்தச் சட்டி உங்க சட்டி. கழுவுறதும் நீங்கதான்."

"மாமியா இல்லாத வீட்ல மாமியா வேல பாக்க வாறியா? இம்புட்டுப் பிடிவாதம் ஆகாதுடி."

"ஆகாதுதான். என்ன செய்ய?"

"அப்ப ருசி யாரு பாப்பா?"

"அங்கதான் நீங்க இருக்கியளே. லூசியக்காளக் கூட்டிட்டுப் போனா ஒங்களுக்கு ஒண்ணும் மிஞ்சாது."

ஹபீபா வாய்விட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்பிலேயே நாள் குறித்தாயிற்று.

நிக்காஹ் பள்ளிவாசலில் எளிமையாக முடிந்தது. சாயங்காலம் சாயிமா புறப்பட்டாள். அறையைக் காலி செய்யவில்லை. அடுப்பு அங்கேயே இருக்கும், காலையில் வடாலாவிலிருந்து வந்து சமைத்துவிட்டுச் சாயங்காலம் திரும்புவாள் என்று பேச்சு. டாக்ஸி சந்துக்குள் வராது. மொகுதூம் பெரிய ரோட்டில் நின்றுகொண்டு தவித்தார். "எங்க ஊர்ல மாப்பிள்ளதான் இந்த மாதிரி ஊர்வலம் வரணும்" என்று பக்கத்தில் நின்றவர்களிடம் வெட்கத்தோடு சொல்லிக்கொண்டிருந்தார். கோமதியம்மாள் மல்லிகைப்பூ முழம் முழமாக வாங்கிவந்து, யாரையும் தொடவிடாமல் தானே சாயிமாவின் தலையில் சுற்றினாள். இறுக்கிச் சுற்றினாள், அவளுக்குத் தெரிந்த மன்னிப்பு அது.

ஹபீபா வாசலுக்கு வெளியே நின்று கையை நீட்டினாள். "வலது கால எடுத்து வைம்மா. பைய வா."

சாயிமா காஸ் குழாயைத் திருகி மூடினாள். திரும்பிப் பார்த்தாள். பெண்கள் எல்லாருக்கும் கண் நிறைந்திருந்தது. லூசியம்மாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "எப்பட்டி இனி வருவ?" என்று கேட்டாள்.

"எப்பயா? நாளைக்குப் பட்டறைக்காரங்களுக்குச் சோறு யாரு வைப்பா, நீங்களா? விடிஞ்சதும் வந்துருவேன். வெங்காயத்த உரிச்சு வச்சிருங்க."

"கல்யாணத்துக்கு மறுநாளேவா! அந்த மனுசன் என்ன நெனைப்பாரு?"

"அவருக்கும் மத்தியானம் பசிக்கும்லா" என்று சொல்லி, ஹபீபாவின் கையைப் பிடித்துக்கொண்டு சாயிமா வாசலைத் தாண்டினாள்.